மூச்சைக் காணிக்கை கேட்ட கடல்

கதைகளிலும் வீடியோ கேம்களிலும் புதுப்புது மதங்களை உருவாக்குவது இப்போதைய எழுத்தாளர்களுக்குப் பிடித்த வேலை. நெருப்பைக் கும்பிடும் ஒரு நாடு, நிழலைக் கும்பிடும் ஒரு குலம், காற்றைக் கும்பிடும் ஒரு தீவு என்று வரைபடம் போட்டுவிடுகிறார்கள். காற்றுக்கு ஒரு மதம் என்றால் என்னவெல்லாம் வேண்டும்? திசைக்கு ஒரு பெயர் வேண்டும். தவறாமல் வந்துபோகும் பூஜை நேரம் வேண்டும். மந்திரம் சொல்ல ஒரு பூசாரி, மீறக்கூடாத கட்டளைகள், செலுத்த ஒரு காணிக்கை, தவறினால் தண்டனை. இவ்வளவும் இருந்தால் மதம் தயார்.

இதற்காக யாரும் சிரமப்பட்டுக் கற்பனை செய்ய வேண்டியதில்லை. தூத்துக்குடிக்கு ரயில் ஏறினால் போதும். வேம்பாரில் தொடங்கி மணப்பாடு வரை நீளும் முத்துக்குளித்துறையில் இவை எல்லாமே இருந்தன. பெயர்தான் கிடையாது. அந்தக் கரை மக்கள் முருகன் கோயிலுக்கும் மாதா கோயிலுக்கும் பள்ளிவாசலுக்கும் தனித்தனியாகப் போனார்கள். தண்ணீருக்குள் இறங்கும் நேரத்தில் மட்டும் எல்லாருக்கும் ஒரே நம்பிக்கை: காற்று விட்டால் போகலாம், மூச்சு இருந்தால் வரலாம்.

திசைக்கு ஒரு பெயர்

வடக்கிலிருந்து வருவது வாடை, தெற்கிலிருந்து வருவது தென்றல், கிழக்கே கொண்டல், மேற்கே கோடை என்று பள்ளிக்கூடத்தில் படித்திருப்போம். கரையில் இந்தப் பட்டியல் இன்னும் நீளும். மேற்குக் காற்றுக்குக் கச்சான் என்று பெயர். தெற்கிலிருந்து வருவது சோழகம். இரண்டுக்கும் நடுவே வந்தால் அதற்கும் ஒரு பெயர் இருக்கும். ஊருக்கு ஊர் கொஞ்சம் மாறும். ஆனால், பெயர் இல்லாத காற்று என்று எதுவும் கிடையாது.

சினிமாப் பாட்டில் வரும் தென்றலைப் போல இவற்றை ரசிக்க நேரமிருக்காது. இன்று எந்தக் காற்று என்பதுதான் இன்று அடுப்பு எரியுமா என்பதைத் தீர்மானிக்கும். ஜூன் தொடங்கிக் கச்சான் வலுத்தால் கடல் கலங்கும்; அடியில் இருப்பது கண்ணுக்குத் தெரியாது. அதே கச்சான்தான் உப்பளத்துப் பாத்திகளைக் காயவைத்து உப்பு விளையவைக்கும். கயத்தாறு பக்கம் வரிசையாக நிற்கும் காற்றாலைகளைச் சுற்றவைப்பதும் அதுதான். ஒருவருக்கு வரம் கொடுக்கும் காற்று, பக்கத்து வீட்டுக்காரருக்குப் பட்டினியைக் கொடுக்கும். தெய்வங்களின் குணமே அதுதானே!

இரண்டு பருவமழைகளுக்கு நடுவே, பங்குனி, சித்திரை வாக்கில் காற்று சற்று ஓயும். அடித்தரை தெளிந்து தெரியும். முத்துக்குளிப்புக்கு உகந்த காலம் அந்தச் சில வாரங்கள்தான். வருடம் முழுக்கக் காத்திருந்து, காற்று கண்ணயரும் நேரத்தில் கடலுக்குள் நுழைந்து வருவது போன்ற வேலை அது.

உள்ளே ஒரு மூச்சு, வெளியே ஒரு மூச்சு

கடற்கரையில் ஒரு நாள் முழுக்க உட்கார்ந்து பார்த்தவர்களுக்கு இது தெரிந்திருக்கும். பகலில் நிலம் சீக்கிரம் சூடாகும். கடலிலிருந்து கரையை நோக்கிக் காற்று வீசும். இரவில் நிலம் சீக்கிரம் ஆறும். கரையிலிருந்து கடலை நோக்கிக் காற்று திரும்பும். தினமும் ஒரு தடவை உள்ளே இழுத்து, ஒரு தடவை வெளியே விடுகிறது கடல்.

முத்துக்குளிப்புப் படகுகள் இந்த மூச்சில்தான் ஓடின. நள்ளிரவில் கரைக்காற்றுக்குப் பாய் விரித்துப் புறப்படுவார்கள். விடியும்போது முத்துச்சிப்பி படிந்த பாறைத் திட்டுக்கு வந்து சேர்வார்கள். அந்தத் திட்டுகளுக்குப் ‘பார்’ என்று பெயர். சூரியன் ஏறியதும் குளிப்பு தொடங்கும். உச்சிப்பொழுதில் கடற்காற்று எழும். அதைப் பிடித்துக்கொண்டு கரை திரும்பிவிட வேண்டும். எஞ்சினும் இல்லை, கடிகாரமும் இல்லை. போக ஒரு காற்று, வர ஒரு காற்று. இந்தக் காலப் பூஜை ஒருநாளும் தவறியதில்லை.

கல், கயிறு, மச்சான்

குளியாள் இறங்கும் முறை எளிமையானது. கயிற்றில் கட்டிய கனமான கல்லில் ஒரு பாதத்தை வைத்துக்கொள்வார். இடுப்பிலோ கழுத்திலோ வலைப்பை. நெஞ்சு நிறைய மூச்சு இழுத்து, ஒரு கையால் மூக்கைப் பொத்திக்கொள்வார். கயிற்றை விட்டதும் கல்லின் கனம் அவரை நேராக அடித்தரைக்குக் கொண்டுபோகும். பத்துப் பாகம், அதாவது சுமார் 18 மீட்டர் ஆழம். ஐந்து மாடிக் கட்டடத்தின் உயரம். கல்லை விட்டுவிட்டுத் தரையோடு தவழ்ந்து கைக்கு எட்டிய சிப்பிகளை வாரிப் பையில் போட வேண்டும். மூச்சு முட்டும்போது கயிற்றைச் சுண்டினால், மேலே இருப்பவர் இழுத்துவிடுவார்.

இதற்குக் கிடைக்கும் நேரம் ஏறக்குறைய ஒரு நிமிடம். நல்ல நெஞ்சுரம் உள்ளவர்கள் இன்னும் சில விநாடிகள் தாக்குப்பிடிப்பார்கள். ராபர்ட் பெர்சிவல் என்ற ஆங்கிலேய ராணுவ அதிகாரி இலங்கைப் பக்கத்துக் குளிப்பை நேரில் பார்த்து 1803-ல் எழுதியிருக்கிறார். ஒரே ஆள் ஒரு நாளில் 40, 50 தடவைகூட மூழ்குவார் என்றும், மேலே வரும்போது மூக்கிலும் காதிலும் ரத்தம் வருவதுண்டு என்றும் அவர் குறிப்பு சொல்கிறது. மன்னார் வளைகுடாவின் இரண்டு கரைக்கும் கடல் ஒன்றுதான். தூத்துக்குடிப் பக்கத்து ஆட்கள் மன்னார்க் குளிப்புக்கும் போவது வழக்கம்.

மேலே கயிறு பிடிப்பவர் யார் என்பதுதான் இந்த மதத்தின் முதல் கட்டளை. மச்சான்தான் பிடிக்க வேண்டும் என்பது தமிழ்நாட்டில் பரவலாகச் சொல்லப்படும் வழக்கு. அண்ணன், தம்பி இருக்கும்போது மச்சான் எதற்கு? அண்ணன் தம்பிக்குள் சொத்துத் தகராறு வரலாம். ஆனால், கீழே இருப்பவரின் மூச்சு நின்றால் தாலி அறுக்கப்போவது கயிறு பிடிப்பவரின் சொந்தச் சகோதரி. அவர் கண் அசரமாட்டார். கடலுக்கடியில் இருக்கும் ஓர் உயிரைப் படகிலிருக்கும் ஒரு கையோடு கட்டிவைத்தது வெறும் கயிறு இல்லை, ஒரு குடும்பம்.

சுறாவின் வாயைக் கட்டும் பூசாரி

மூச்சு தீர்ந்தால் வரும் ஆபத்து ஒன்று. சுறா வந்தால் வரும் ஆபத்து இன்னொன்று. அதற்காக இருந்தவர் ‘கடல்கட்டி’. மந்திரம் சொல்லிச் சுறாக்களின் வாயைக் கட்டுபவர்.

13-ஆம் நூற்றாண்டின் கடைசியில் இந்தப் பக்கம் வந்த மார்க்கோ போலோ இவர்களைப் பற்றி விவரமாகவே எழுதியிருக்கிறார். எடுத்த முத்தில் பத்தில் ஒரு பங்கு ராஜாவுக்கு. இருபதில் ஒரு பங்கு மீனைக் கட்டும் மந்திரக்காரருக்கு. ராஜாவின் வரியில் பாதி! அவர் சொல்லும் இன்னொரு தகவல் சுவாரசியமானது. இந்தக் கட்டு ஒரு பகலுக்கு மட்டும்தான் செல்லும். இரவானால் அதை அவிழ்த்துவிடுவார்கள். இருட்டில் திருட்டுத்தனமாகக் குளிக்க யாருக்கும் துணிச்சல் வரக்கூடாது என்பது அதற்குச் சொல்லப்பட்ட காரணம். பாரில் வேலி இல்லை, காவலுக்கு ஆள் இல்லை. பயமே வேலியாக நின்றது. பகலில் உழைப்புக்கு அனுமதி, இரவில் கடலுக்கு ஓய்வு.

அறுநூறு வருடங்கள் கழித்தும் இந்தப் பதவி போகவில்லை. இலங்கையை ஆண்ட பிரிட்டிஷ் அரசு, முத்துக்குளிப்பு நடக்கும்போது கடல்கட்டிக்குச் சம்பளம் கொடுத்து வைத்திருந்தது. மந்திரத்தில் வெள்ளைக்காரர்களுக்கு நம்பிக்கை இருந்ததா என்றால் இல்லை. அவர் இல்லாமல் ஒரு குளியாளும் தண்ணீரில் கால் வைக்கமாட்டார் என்பதுதான் காரணம். 19-ஆம் நூற்றாண்டில் இலங்கை அரசில் உயர் பதவியில் இருந்த ஜேம்ஸ் எமர்சன் டெனன்ட், அப்போதைய கடல்கட்டி ஒரு கத்தோலிக்கர் என்று எழுதியிருக்கிறார். பரம்பரையாக வந்த மந்திரமும் ஞாயிற்றுக்கிழமைப் பூசையும் ஒரே ஆளுக்குள் சண்டை போடாமல் இருந்திருக்கின்றன.

மந்திரத்தால் சுறாவின் வாய் கட்டுப்படுமா? படாது. ஆனால், பயந்தவனின் நெஞ்சு வேகமாக அடிக்கும். வேகமாக அடிக்கும் நெஞ்சு, இருக்கும் பிராணவாயுவைச் சீக்கிரம் செலவழிக்கும். கரையில் ஒருவர் தனக்காக முணுமுணுத்துக்கொண்டிருக்கிறார் என்ற நினைப்பு குளியாளின் நெஞ்சை நிதானப்படுத்தியிருக்கும். கட்டியது சுறாவை அல்ல என்றாலும், எதையோ கட்டத்தான் செய்தது.

இஸ்பிரீத்து சாந்து

1530-களில் இந்தக் கரைப் பரதவர்கள் கூட்டம் கூட்டமாக ஞானஸ்நானம் பெற்றார்கள். 1542-ல் பிரான்சிஸ் சவேரியார் இங்கே வந்தார். தமிழில் ஜெபங்களை எழுதிவைத்துக்கொண்டு, மணியடித்துப் பிள்ளைகளைக் கூட்டி மனப்பாடம் செய்யவைத்தார். பரிசுத்த ஆவி என்று இப்போது சொல்வதை இந்தப் பகுதியின் பழைய ஜெபங்கள் ‘இஸ்பிரீத்து சாந்து’ என்று சொல்லின. போர்த்துகீசியத்திலிருந்து அப்படியே வந்த சொல். அதன் வேர் லத்தீனில் இருக்கும் ‘ஸ்பிரித்துஸ்’. அதற்கு ஆவி என்றும் பொருள், மூச்சு என்றும் பொருள்.

கிரேக்கத்தின் ‘நியூமா’வும் ஹீப்ருவின் ‘ரூவாஹ்’வும் அப்படியே. காற்று, மூச்சு, ஆவி மூன்றுக்கும் ஒரே சொல். தமிழ் மட்டும் பின்தங்கியதா என்ன? ‘உயிர்த்தல்’ என்றால் பழந்தமிழில் மூச்சுவிடுதல் என்றும் பொருள். பெருமூச்சு விடுவதை ‘நெட்டுயிர்த்தல்’ என்பார்கள். உயிர் என்ற சொல்லுக்குள்ளேயே மூச்சு இருக்கிறது. பஞ்சபூதத் தலங்களில் காற்றுக்கு உரியது காளஹஸ்தி. காற்றுப் புகாத கருவறைக்குள் ஒரு விளக்குச் சுடர் அசைவதை அங்கே காட்டுவார்கள். மூச்சை அளந்து நிறுத்துவதை யோகமாகவே வைத்துத் திருமூலர் பாடியிருக்கிறார்.

ஆக, நெஞ்சு நிறையக் காற்றை இழுத்துக்கொண்டு சிலுவை போட்டுக் குதித்த ஒரு பரதவருக்கும், பிஸ்மி சொல்லிக் குதித்த ஒரு கீழக்கரைக்காரருக்கும் வேண்டுதல் ஒன்றுதான். இந்த மூச்சு திரும்பி வரவேண்டும். தூத்துக்குடியின் பனிமய மாதா ஆலயம் முதலில் எழும்பியது 1582-ல். இன்றும் ஆகஸ்ட் 5-ம் தேதி திருவிழாவுக்கு ஊரே திரள்கிறது. ஏழு கடற்துறைக்கும் அடைக்கலத் தாய் என்று அவரை அழைக்கும் மக்களின் முன்னோர், மூச்சைக் கையில் பிடித்துக்கொண்டு வேலைக்குப் போனவர்கள்.

காற்றுக் கிழவியின் தீவு

இப்படிப்பட்ட நம்பிக்கைக்குப் பெயரும் திருவிழாவும் வைத்துக் காப்பாற்றிய ஓர் இடம் உலகில் இருக்கிறது. தென்கொரியாவின் ஜேஜு தீவு. அங்கே கடலில் மூழ்கிச் சிப்பியும் நத்தையும் எடுப்பவர்கள் பெண்கள். ‘ஹேன்யோ’ என்று பெயர். 60, 70 வயதைத் தாண்டிய பாட்டிகளும் இறங்குவார்கள். சந்திர நாட்காட்டியின் இரண்டாம் மாதம் முதல் நாள் ‘யோங்டங்’ என்ற காற்றுக் கிழவி தீவுக்கு வருகிறாள், பதினைந்தாம் நாள் திரும்புகிறாள் என்பது நம்பிக்கை. அந்த நாட்களில் அவளுக்குச் சடங்கு நடத்தி, கடல் அமைதியாக இருக்க வேண்டிக்கொள்வார்கள். இந்தச் சடங்கை யுனெஸ்கோ 2009-ல் மனிதகுலத்தின் மரபுச் செல்வங்களில் ஒன்றாக அறிவித்தது. ஹேன்யோ பெண்களின் வாழ்க்கை முறையும் 2016-ல் அதே பட்டியலில் சேர்ந்தது.

மேலே வந்ததும் அவர்கள் அடைத்துவைத்த மூச்சை விசில் போல வெளியே விடுவார்கள். அந்தச் சத்தத்துக்குத் தனிப்பெயர், ‘சும்பிசோரி’. தண்ணீருக்கடியில் எடுத்துவிடக்கூடாத மூச்சுக்கும் ஒரு பெயர் உண்டு, ‘முல்சும்’. தண்ணீர் மூச்சு. இன்னும் ஒன்றே ஒன்று எடுத்துவிட்டு மேலே போகலாம் என்று ஆசைப்பட்டு, காற்று தீர்ந்துபோய்த் தண்ணீரையே மூச்சாக இழுப்பது. பேராசையின் மறுபெயராகவே அந்தச் சொல் ஆகிவிட்டது.

ஹேன்யோக்கள் காற்று சிலிண்டரைத் தொடுவதில்லை. கருவி இருந்தால் கடலைச் சுரண்டிவிடுவோம் என்பது அவர்கள் கணக்கு. ஒரு மூச்சில் எவ்வளவு எடுக்க முடியுமோ அவ்வளவுதான் அன்றைய பங்கு.

யார் மூச்சு, யாருக்கு முத்து?

இவ்வளவையும் அழகான நம்பிக்கை என்று சொல்லிக் கடந்துவிடலாம். ஆனால், எந்த மதத்திலும் காணிக்கை செலுத்துபவர் ஒருவர், பிரசாதம் வாங்குபவர் இன்னொருவர் என்று ஆகிவிடுவதுண்டு. இங்கேயும் அப்படித்தான் ஆனது.

பாண்டியரின் கொற்கை இன்று கடலிலிருந்து சில கிலோமீட்டர் உள்ளே தள்ளி, தாமிரபரணிப் படுகையில் ஒரு சிறிய ஊராக இருக்கிறது. கி.பி. முதல் நூற்றாண்டில் எழுதப்பட்ட ‘பெரிப்ளஸ்’ என்ற கிரேக்கக் கடல்வழிக் குறிப்பு, அங்கே முத்துக்குளிக்கும் வேலையைத் தண்டனை பெற்ற கைதிகள் செய்தார்கள் என்கிறது. அதாவது, கடலுக்குள் இறங்குவதே ஒரு தண்டனை. சிலப்பதிகாரத்தில் பாண்டிமாதேவியின் சிலம்புக்குள் இருந்தது முத்து. கண்ணகிக்கு நியாயம் வாங்கிக்கொடுத்த அந்த முத்தைத் தூக்கி வந்தது யாருடைய மூச்சு என்று யாரும் கேட்டதில்லை.

பாண்டியருக்குப் பிறகு போர்த்துகீசியர், டச்சுக்காரர், ஆங்கிலேயர். பங்கு கேட்கும் கை மாறிக்கொண்டே இருந்தது. ஆங்கிலேயர் காலத்தில் எடுத்த சிப்பியில் மூன்றில் இரண்டு பங்கு சர்க்காருக்கு, ஒரு பங்கு குளியாட்களுக்கு என்பது பொதுவான கணக்கு. அந்தச் சிப்பிக்குள்ளும் முத்து இருக்கும் என்று உத்தரவாதம் கிடையாது. திறந்து பார்த்தால்தான் தெரியும்.

தூத்துக்குடியில் 1955 முதல் சில வருடங்கள் குளிப்பு நடந்து, 1961-ல் முடிந்தது. அதற்குப் பிறகு பார்களில் சிப்பி போதிய அளவு சேரவில்லை. 1973-ல் தூத்துக்குடியில் மத்தியக் கடல்மீன் ஆராய்ச்சி நிலைய விஞ்ஞானிகள் வளர்ப்பு முத்தை உருவாக்கிக் காட்டினார்கள். முத்துக்காக யாரும் உயிரைப் பணயம் வைக்கத் தேவையில்லாத காலம் வந்துவிட்டது.

ஆனால், சங்குக்கு அப்படி ஒரு காலம் இன்னும் வரவில்லை.

தலைகீழான கட்டளை

தூத்துக்குடி திரேஸ்புரத்திலிருந்து இன்றும் சங்கு குளிக்கப் படகுகள் போகின்றன. வங்காளத்தில் கல்யாணமான பெண்கள் அணியும் வெள்ளை வளையலுக்கு இந்தக் கடல் சங்குக்குத்தான் காலங்காலமாக மதிப்பு. கல்லும் கயிறும் போய், படகில் கம்ப்ரசரும் நீண்ட ரப்பர் குழாயும், சில இடங்களில் சிலிண்டரும் வந்துவிட்டன. ஒரு நிமிடம் இருந்த இடத்தில் ஒரு மணி நேரம்கூட இருக்கலாம். பார்த்தால் வரம் மாதிரித்தான் இருக்கிறது.

இங்கேதான் ஒரு விபரீதம். தலைமுறை தலைமுறையாகக் கரை சொல்லிக்கொடுத்த முதல் பாடம், ‘மேலே வரும்வரை மூச்சை விடாதே’. குழாய்க் காற்றில் அதே பாடம் உயிரை எடுக்கும்.

கணக்கு எளிமையானது. ஒவ்வொரு 10 மீட்டர் ஆழத்துக்கும் நம்மேல் ஒரு மடங்கு அழுத்தம் கூடும். 20 மீட்டரில் கரையில் இருப்பதைப்போல மூன்று மடங்கு. கரையில் ஆறு லிட்டர் காற்றை இழுத்துக்கொண்டு குதித்த பழைய குளியாளின் நெஞ்சில், அந்த ஆழத்தில் அது இரண்டு லிட்டராகச் சுருங்கும். மேலே வந்தால் பழையபடி ஆறு லிட்டர் ஆகும். குழாயில் மூச்சு விடுபவரோ 20 மீட்டரிலேயே ஆறு லிட்டர் காற்றை நிரப்பிக்கொள்கிறார். அதை அடக்கிக்கொண்டு சட்டென்று மேலே வந்தால், அது 18 லிட்டராக விரியப் பார்க்கும். நெஞ்சு தாங்காது; நுரையீரல் கிழிந்துவிடும். அவர் மூச்சை விட்டுக்கொண்டேதான் வரவேண்டும், அதுவும் மெதுவாக.

இரண்டாவது ஆபத்து சத்தமில்லாதது. அதிக அழுத்தத்தில் அதிக நேரம் இருந்தால், காற்றிலுள்ள நைட்ரஜன் ரத்தத்திலும் சதையிலும் கரைந்து சேரும். மெதுவாக மேலேறினால் அது கொஞ்சம் கொஞ்சமாக மூச்சோடு வெளியே போய்விடும். அவசரமாக ஏறினால், சோடா பாட்டிலைத் திறந்தது போல உடம்புக்குள் குமிழ் கட்டும். மூட்டு வலி, மரத்துப்போதல், தலைச்சுற்றல், கால் விழுந்துபோவது, சில நேரம் மரணம். எந்த ஆழத்துக்கு எவ்வளவு நேரம், எங்கெங்கே நின்று ஏறவேண்டும் என்ற அட்டவணையை ஹால்டேன் என்ற பிரிட்டிஷ் விஞ்ஞானி தன் குழுவோடு 1908-லேயே வெளியிட்டுவிட்டார். நூறு வருடங்களுக்கு மேல் ஆகியும் அந்த அறிவு கம்ப்ரசர் போன எல்லாப் படகுக்கும் போய்ச் சேரவில்லை. மிஷின் மட்டும் முதலில் போய்விட்டது.

மூன்றாவதாக, கம்ப்ரசர் காற்றை இழுக்கும் இடம். எஞ்சின் புகைக்குப் பக்கத்தில் அது இருந்தால், கீழே இருப்பவர் நெஞ்சுக்குள் கார்பன் மோனாக்சைடு போகும். அதற்கு வாசனைகூடக் கிடையாது.

பழைய குளியாளுக்கு மூச்சு தீர்ந்தால் உடம்பே மேலே போகச் சொன்னது. பயம் எல்லையாக நின்றது. குழாய் அந்த எல்லையை எடுத்துவிட்டது. ஹேன்யோ பாட்டிகள் பயந்த அந்த ‘இன்னும் ஒன்றே ஒன்று’ என்ற ஆசைக்கு இப்போது தடையே இல்லை. ஆளுக்கும் ஆபத்து, கடலுக்கும் ஆபத்து. வளராத சிறு சங்குகளைத் திரும்பக் கடலிலேயே விடவேண்டும் என்ற விதி இருப்பது இதனால்தான்.

இன்றைக்கு என்ன கட்டளை?

பழங்காலத்துக்குத் திரும்பிப் போகச் சொல்வதில் அர்த்தமில்லை. மூக்கிலும் காதிலும் ரத்தம் வர மூழ்கிய காலத்தை அழகுபடுத்தவும் தேவையில்லை. ஆனால், அந்தப் பெயரில்லாத மதத்தில் மூன்று நல்ல விஷயங்கள் இருந்தன. காற்றைப் பார்த்துவிட்டு இறங்குவது. மேலே நம்பிக்கையான ஒருவரை நிறுத்துவது. ஒரு நாளுக்கு இவ்வளவுதான் என்று நிறுத்திக்கொள்வது. கருவி மாறினாலும் இந்த மூன்றும் செல்லும். மச்சான் கையிலிருந்த கயிற்றுக்குப் பதில் கடிகாரமும் ஹால்டேன் அட்டவணையும் இருக்கட்டும், மச்சானும் இருக்கட்டும்.

கடற்கரைக் குடும்பங்கள் தெரிந்துவைத்திருக்க வேண்டியது ஒன்று உண்டு. குளித்துவிட்டு வந்தவருக்கு அன்றோ மறுநாளோ மூட்டு வலி, மரத்துப்போதல், நடை தடுமாற்றம் வந்தால், அது வேலைக் களைப்பு என்று தைலம் தேய்த்துப் படுக்கவைக்கக் கூடாது. மறுபடி தண்ணீருக்குள் இறக்கிச் சரிசெய்யப் பார்ப்பதும் ஆபத்து. படுக்கவைத்து, ஆக்ஸிஜன் கொடுக்க வசதியுள்ள மருத்துவமனைக்கு உடனே கொண்டுபோய், ‘ஆழத்தில் குழாய்க் காற்றில் வேலை செய்தவர்’ என்று டாக்டரிடம் சொல்ல வேண்டும். அந்த ஒரு வாக்கியம் சிகிச்சையையே மாற்றும்.

கடலைப் பார்க்காத குடும்பங்களுக்கும் ஒன்று. நீச்சல் குளத்தில் யார் அதிக நேரம் மூழ்குவது என்று பிள்ளைகள் பந்தயம் கட்டுவார்கள். குதிக்கும் முன் வேகவேகமாக நாலைந்து மூச்சு இழுத்துவிட்டால் அதிக நேரம் இருக்கலாம் என்று ஒரு நம்பிக்கை. அப்படிச் செய்தால் ரத்தத்தில் கரியமில வாயு குறைந்துவிடும். ‘மூச்சு விடு’ என்று மூளைக்கு மணியடிப்பது அந்த வாயுதான். மணி அடிக்காமலேயே பிராணவாயு தீர்ந்து, தண்ணீருக்குள் நினைவு தப்பிவிடும். பந்தயம் வேண்டாம் என்று இன்றைக்கே சொல்லிவிடுங்கள்.

பிறந்த குழந்தைக்குப் பால் புகட்ட நம் வீடுகளில் சங்கு இருந்தது. கோயிலில் ஊதுவதும் சங்கு. கடைசி யாத்திரைக்கு ஊதுவதும் சங்கு. அதற்குள் நிரம்பி ஒலிப்பது ஊதுபவரின் மூச்சு. அதைக் கடலின் அடியிலிருந்து எடுத்து வந்தவரின் மூச்சுக்கு ஒலி கிடையாது. அது பத்திரமாக வீடு வந்து சேர்ந்தால், வாசலில் காத்திருப்பவர்களுக்கு மட்டும் கேட்கும்.